புத்தரிசிக்கு முந்திய பயணம்

பிடரி எரிந்தது. சீனக்குடா விமானத்தளத்தில் சரளைக்கல் சுமந்து காய்த்துப்போன பிடரிதான். ஆனால் அங்கே தரை மட்டம். கூடை தலையில் கிடக்கும். இந்த மலை ஏற்றத்தில் சாக்கு ஆளைப் பின்னுக்கு இழுத்தது. வள்ளியம்மா கருவாட்டுச் சாக்கைப் பாறையில் இறக்கிவிட்டுக் குந்தினாள். ஓடை கடந்த இடத்தில் ஏறிய அட்டைகள் இரண்டு கெண்டைக்காலில் தொங்கின. பிடுங்கக் கை வரவில்லை.

"குடிக்கட்டும் விடுங்கோ மச்சாள். அதுக்கும் ரேசன்தானே," என்றான் தங்கத்துரை.

தங்கத்துரை அவள் புருசன் சிவபாதத்தின் தம்பி. துறைமுகத்தில் கப்பலுக்குக் கரி ஏற்றுகிறவன். எவ்வளவு தேய்த்தாலும் நகக்கண்ணில் கரி போகாது. தாய் செத்துப்போனதாகக் கங்காணியிடம் பொய் சொல்லி லீவு எடுத்து வந்திருந்தான். தாய் உண்மையாகவே செத்துப் பல வருசம்.

முன்னால் பொதிமாடுகளை ஓட்டிக்கொண்டு போன ஸெய்னுதீன் திரும்பிப் பார்த்தார்.

"எழும்பு புள்ள. வெயில் ஏறினா மாடு நடக்காது."

கிண்ணியாவைச் சேர்ந்த ஸெய்னுதீனின் வாப்பாவும் வாப்பாவின் வாப்பாவும் லக்கலை மலைக்கு மாடுகளில் பொதி ஏற்றிப் போனவர்கள். கருவாடு மேலே போகும், நெல்லும் பாக்கும் கீழே வரும். லொறி வந்தபிறகு அந்தத் தொழில் படுத்துவிட்டது. சண்டை வந்து பெற்றோல் இல்லாமல் போக, மலையடிவாரத்தில் மாட்டை விட்டுவைத்துக்கொண்டு அவர் மறுபடி தொடங்கினார். அரிசிக்கு அலைகிற துறைமுகத்துச் சனத்தைச் சின்னச் சின்னக் கூட்டமாக அழைத்துப் போனார். ஹபரணை வரைக்கும் ரயில். பிறகு எந்த லொறி ஏற்றுகிறதோ அது. பிறகு கால். வழியும் பாசையும் அவருடையது, சுமையும் நடையும் வருகிறவர்களுடையது. அவரவர் கருவாட்டில் ஒரு பங்கு அவருக்கு.

இந்தப் பயணத்துக்கு மட்டும் அவர் முதலில் சம்மதிக்கவில்லை.

"கொஞ்சம் பொறு," என்று பாலையூற்றில் அவள் குடிசை வாசலில் நின்றே சொன்னார். "அங்க இப்பதான் நெல்லுச் சூடு மிதிக்கிறாங்க. புத்தரிசி சாமிக்குப் படைக்கிறமட்டும் அந்த ஊருக்க மீன் மச்சம் ஏறாது. நான் எப்பவும் அதுக்குப் பிறகுதான் போறனான்."

"எப்ப படைப்பினம்?"

"அவங்கட நல்லநாள் பாத்துத்தான். அடுத்த மாசம் ஆகும்."

"அடுத்த மாசம் நான் ஆருக்குக் கஞ்சி காய்ச்சிறது, காக்கா?" முஸ்லிம் அண்ணன்மாரை அங்கே காக்கா என்றுதான் அழைப்பார்கள்.

உள்ளே சிவபாதம் கிடந்தான். சித்திரையில் யப்பான்காரன் குண்டு போட்ட அன்று பண்டகசாலைக் கூரைத் தீராந்தி விழுந்து இடுப்புக்குக் கீழே நசுங்கியது. அதிலிருந்து ஒருவாறு தப்பினான். இப்போது வயிற்றுளைவு. பர்மா பறிபோனபின் கப்பலரிசி இல்லை. கூப்பனுக்குக் கிடைத்த அரிசி இரண்டு நேரத்துக்கும் காணாது. மிச்சத்துக்குக் கோதுமை மா, குரக்கன். சாப்பிட்டதெல்லாம் இரத்தமாகப் போனது. மருந்து கொடுக்க வந்த அப்போதிக்கரி ஒளிக்காமல் சொல்லிவிட்டான்: "மா இந்தக் குடலுக்கு ஆகாது. அரிசிக் கஞ்சி குடுத்தா ஆள் தங்கும். இல்லாட்டித் தங்காது."

ஸெய்னுதீன் குடிசைக்குள் ஒருதரம் எட்டிப் பார்த்தார். பிறகு தாடியைத் தடவினார்.

"சரி. இந்த மாசக் கடைசியில நாள் வெச்சாலும் வெப்பாங்க. ஊருக்கு வெளியில ஒரு கொட்டில் இரிக்கி. அதில இருப்பம். படையல் முடிஞ்ச உடன மாத்திக்கொண்டு இறங்குவம். நான் காட்டின இடத்தில இரு. நான் சொல்லாம எழும்பாத."

"ஓம் காக்கா."

அடுத்த வீட்டு இரத்தினேஸ்வரியைப் புருசனுக்குக் காவல் வைத்துவிட்டுப் புறப்பட்டாள்.

மலை முடக்கைத் தாண்டியதும் வயல் தெரிந்தது. வள்ளியம்மா வயல் கண்டவள்தான். தம்பலகாமத்தில் வயல் பாய் விரித்த மாதிரிக் கிடக்கும். இங்கே மலையையே வெட்டி, கல் அடுக்கி, மண் நிரப்பி, வயலை ஒன்றின் தலைக்கு மேல் ஒன்றாக ஏற்றி வைத்திருந்தார்கள். அகலமான தட்டு, குறுகிய தட்டு, ஒரு மாடு திரும்ப முடியாத தட்டு. மேலே விட்ட தண்ணீர் ஒவ்வொன்றாக நிரப்பி இறங்கும் என்றார் ஸெய்னுதீன். பாதித் தட்டுகளில் அரிதாள் நின்றது.

"வடிவாயிருக்கு என்ன?" என்றான் தங்கத்துரை.

"இவ்வளவு கல்லையும் ஆர் சுமந்தது?" என்றாள் அவள்.

"உங்களுக்கு எங்க போனாலும் கல்லுத்தான் மச்சாள்."

கொட்டில் வைக்கோலால் வேய்ந்தது. கருவாட்டை அதற்குள் அடுக்கிச் சாக்கால் மூடினார்கள். ஸெய்னுதீன் குளித்து, வேட்டி மாற்றி ஊருக்குள் போனார். முகம் தொங்கத் திரும்பிவந்தார். பூசை செய்கிற கப்புறாளைக்குக் காய்ச்சல். நாள் தள்ளிவிட்டார்கள்.

"எவ்வளவு தள்ளும்?"

"அந்தாள் எழும்பவேணும்."

இருந்தார்கள். மரவள்ளிக்கிழங்கை அவித்துத் தின்றார்கள். கீழேயிருந்து எருமையை வளைத்து ஓட்டுகிறவர்களின் பாட்டு வந்தது, ஒருவன் இழுக்க மற்றவன் பிடிப்பான். வைக்கோல் வாசம் வந்தது. வள்ளியம்மா மூக்கைப் பொத்திக்கொண்டாள். நெல் கண்ணுக்கு முன்னால் கிடக்க, அங்கே அவன் மாக்கஞ்சி குடித்து இரத்தமாய்ப் போய்க்கொண்டிருப்பான். இரத்தினேஸ்வரி அவன் மலச்சட்டியை எடுத்துக் கழுவுவாளோ, முகம் சுளிப்பாளோ. ஒருநாள் போய் இன்னொரு நாளும் போயிற்று. கப்புறாளை எழும்பவில்லை.

அன்றைக்கு மத்தியானம் ஸெய்னுதீன் தொழுகைக்கு ஓடைக்குப் போயிருந்தார். தங்கத்துரை நித்திரை. கீழே பாட்டு நின்றிருந்தது. வள்ளியம்மா எட்டிப் பார்த்தாள். எருமைகளை அவிழ்த்து விட்டிருந்தார்கள். ஆட்கள் தள்ளி மரநிழலில் இருந்தார்கள். வட்டமான களம், நடுவில் மிதிபட்ட கதிர்ச் சூடு, பக்கத்தில் நெற்குவியல், ஓரமெல்லாம் சிதறிய மணி.

சிறுமியாயிருந்தபோது அவளும் தாயும் தம்பலகாமத்துக் களங்களுக்குப் போவார்கள். மாடு அவிழ்த்தபிறகு களத்து ஓரத்தைக் கூட்டி அள்ளுவது ஏழைப் பெண்களுக்கு விட்டது. வயல்காரப் போடியார் மற்றப் பக்கம் திரும்பி வெற்றிலை போடுவார். களவென்று எவரும் சொன்னதில்லை. கேட்டு அள்ளுகிற வழக்கமும் இல்லை. கேட்டால்தான் போடியாருக்கு வெட்கம். ஒரு சுண்டு நெல் தேறினால் அதைத் தங்கத்துரையிடம் கொடுத்து இன்றைக்கே இறக்கிவிடலாம்.

வரம்பால் இறங்கினாள். களத்துக்குள் கால் வைத்தாள். சேலைத் தலைப்பை விரித்து, குந்தியிருந்து, கையால் கூட்டினாள். மணி, மண், மணி. கருவாட்டு எண்ணெய் ஊறிய சேலை. அந்த நாற்றம் அவள் மூக்குக்கு எப்போதோ மரத்துவிட்டது.

ஒருவன் கண்டான். கத்தியிருந்தால் அவள் எழும்பி ஓடியிருப்பாள். அவன் கத்தவில்லை. எல்லாரும் எழும்பி வந்து களத்துக்கு வெளியில் நின்றார்கள். வயசான ஒருவர் இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டு நிலத்தில் இருந்துவிட்டார். அப்போதுதான் அவள் கூட்டுவதை நிறுத்தினாள்.

ஸெய்னுதீன் நனைந்த தாடியோடு ஓடிவந்தார். கிழவரோடு சிங்களத்தில் நெடுநேரம் கதைத்தார். கைகூப்பினார். பிறகு அவள் பக்கம் திரும்பினார்.

"வெளியில வா. மடியில இரிக்கிறதக் கொட்டு."

கொட்டினாள். முந்தானை மடிப்பில் ஒட்டிய மணியையும் உதறச் சொன்னார். உதறினாள்.

"எங்கட பக்கம் இப்பிடித்தான் காக்கா. ஓரம் கூட்டுறது..."

"இது ஒங்கட பக்கமா? படைக்க முந்தி இந்தக் களத்துக்க இவங்கட பொம்புளையளே கால் வெக்கிறல்ல. நீ மீன் நாத்தத்தோட ஏறி இரிக்காய். இந்தக் குவியல் இனிச் சாமிக்கு ஆகாதாம். வேற வயல்ல புதுசா அறுக்கணும். களத்தச் சுத்தம் செய்யணும். அதுமட்டும் ஊரில ஒருத்தரும் புது நெல்லத் தொட ஏலாது. ஆறு மாசமா குரக்கனும் பலாக்கொட்டையும் திண்டுகொண்டு பாத்திரிந்தவங்க."

நிழலோரம் நின்ற பிள்ளைகளை அவள் அப்போதுதான் பார்த்தாள். வயிறு முன்னுக்குத் தள்ளி, கை கால் குச்சி. பாலையூற்றுப் பிள்ளைகள் மாதிரியே இருந்தன.

சத்தம் கேட்டு வந்த தங்கத்துரை சொன்னான்: "சாமிக்கு ஆகாட்டி எங்களுக்குத் தரச் சொல்லுங்கோ. எங்கட சாமி வயித்துக்க இருக்கு, அது தீட்டுப் பாக்காது."

"வாயப் பொத்து! சாமிக்கு ஆகாட்டியும் அவங்கட வயித்துக்கு ஆகும். சாந்தி செஞ்சாப் பிறகு திம்பாங்க. ஒனக்கு எதுக்குத் தரணும்?"

பொழுது சாயமுன் இறங்கிவிடச் சொல்லிவிட்டார்கள். கருவாடு வேண்டாம். இனிமேலும் வேண்டாம். ஸெய்னுதீன் மாடுகளில் பொதியைத் திரும்ப ஏற்றினார்.

"எண்ட வாப்பாவுக்கு இந்தக் கிழவன்ட வாப்பா பாய் போட்டு இருத்தினவன்," என்றார், எவருக்குமில்லாமல். "ஒரு கை நெல்லுக்குக் கெடுத்திட்டாய் புள்ள."

வள்ளியம்மா சாக்கைத் தூக்கிப் பிடரியில் ஏற்றிக்கொண்டாள்.

கடைசித் தட்டுக்குக் கீழே ஒரு பெண் நின்றாள். வள்ளியம்மாவின் வயசுதான் இருக்கும். இடுப்பில் ஒரு பனையோலைப் பெட்டி போல, பன்புல்லால் இழைத்த பெட்டி. ஸெய்னுதீனிடம் ஏதோ கேட்டாள். அவர் வள்ளியம்மாவைக் காட்டி, வீட்டில் ஆள் படுத்துக் கிடக்கிறதைக் கையால் காட்டி, பதில் சொன்னார். அவள் பெட்டியை நிலத்தில் வைத்தாள். உள்ளே நெல்.

"விதைநெல்லாம்," என்றார் ஸெய்னுதீன். "போன போகத்தில எடுத்து வெச்சது. ஒரு மரைக்கால் வரும். ஒண்ட ஆளுக்காம்."

வள்ளியம்மா சாக்கை அவிழ்த்துக் கருவாட்டை நீட்டினாள். அந்தப் பெண் பின்வாங்கினாள். "லுணு," என்றாள். அந்தச் சொல் வள்ளியம்மாவுக்குத் தெரியும். உப்பு.

"நெல்லு அளவுக்கு உப்பு கேக்கிறா. இங்க உப்பில்லாமச் சனம் வெறும் கீரை திங்குது. விதைக்க முந்தித் தந்தாக் காணும், அந்த உப்பைக் குடுத்து வேற விதை வாங்கலாம் எண்டு சொல்றா."

"தாறன் எண்டு சொல்லுங்கோ. விதைக்க முந்திக் கொண்டு வந்து தாறன்."

ஸெய்னுதீன் வள்ளியம்மாவை உற்றுப் பார்த்தார். "நான் இனி இந்த மலைக்கு வாறல்ல. எனக்கு முகமில்ல. நீ ஆரோட வருவாய்?"

வள்ளியம்மா பெட்டியைப் பார்த்துக்கொண்டு நின்றாள். "தாறன் எண்டு சொல்லுங்கோ காக்கா."

அவர் சொன்னார். தான் வரமாட்டார் என்பதை அந்தப் பெண்ணின் பாசையில் சொல்லவில்லை. வள்ளியம்மாவும் சொல்லச் சொல்லவில்லை. மலைக்காரி தலையாட்டினாள். நெல்லைச் சாக்கில் கொட்டிவிட்டு, பெட்டியின் அடியைத் தட்டி அந்தக் கடைசி மணியையும் கொடுத்தாள்.

உத்தரவில்லாமல் நெல் கொண்டுபோனால் பிடிப்பார்கள். ஹபரணை ஸ்டேசனுக்கு வரமுன் வள்ளியம்மா நெல்லைத் துணியில் பரப்பிப் பிள்ளைத்தாச்சி போல வயிற்றில் கட்டினாள்.

"அண்ணன் படுக்கையில கிடந்தும் வேலை பாத்திட்டான் எண்டு ஊர் கதைக்கப்போகுது," என்றான் தங்கத்துரை. அவளுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் முடிச்சு அவிழும் என்று அடக்கினாள். பொலிஸ்காரன் கருவாட்டு நாற்றத்துக்கு மூக்கைத் திருப்பிக்கொண்டு போய்விட்டான்.

சிவபாதம் உயிரோடிருந்தான். அவள் கால்கூடக் கழுவாமல் நெல்லைக் குத்தினாள். கஞ்சி வடித்து, ஆறவைத்து, கரண்டியால் பருக்கினாள்.

"எங்கத்திய அரிசி?" என்றான்.

"மலையில."

"இனிக்குது."

கஞ்சி வயிற்றில் தங்கியது. இரத்தம் நின்றது. கொஞ்சம் கதைத்தான். தளத்தில் கல்லுக்கு எவ்வளவு கொடுக்கிறார்கள் என்று கேட்டான். இரத்தினேஸ்வரி, "இனிப் பயமில்லை," என்றாள். அதை எல்லாரும் நம்பிய பிறகு ஒருநாள் விடிய மறுபடி இரத்தம் போயிற்று. இம்முறை நிற்கவில்லை. கஞ்சிக்கு வாய் திறக்கவும் முடியவில்லை. உடம்பில் மிச்சம் ஒன்றும் இருக்கவில்லை. இறந்துபோனான்.

வாய்க்கரிசி போடவேணும். அந்தத் தெருவில் எந்த வீட்டிலும் அரிசி இல்லை. வள்ளியம்மா மலைநெல் குத்திய அரிசியைத் தட்டில் கொண்டுவந்து வைத்தாள். சனம் பிணத்தைப் பார்க்கவில்லை, தட்டைத்தான் பார்த்தது. ஒவ்வொருவராக வந்து அள்ளிப் போட்டார்கள். இரத்தினேஸ்வரியின் கை தட்டிலிருந்து வாய்க்குப் போகிற வழியில் சுருங்கியது. சில மணிதான் உதட்டில் விழுந்தது. மிச்சம் முந்தானை முடிச்சுக்குப் போயிற்று. வீட்டில் அவளுக்கு மூன்று பிள்ளைகள். வள்ளியம்மா கண்டாள். மற்றப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

ஸெய்னுதீன் செத்தவீட்டுக்கு வந்து வேலிக்கு வெளியில் நின்றார். எல்லாம் முடிந்தபின் அவள் போனாள்.

"காக்கா, உப்பு."

"எனக்கிட்ட கேக்காத புள்ள."

"வழியைச் சொல்லுங்கோ. நான் போறன்."

"வழி சொன்னாப் போற இடமா அது? காடு. பாசை தெரியாது. போய்ச் சேந்தாலும் ஊருக்குள்ள விடமாட்டாங்க. அவ நெல்லுத் தந்தது தெரிஞ்சா அவளுக்கும் கேடு."

"வேற ஆரும் போறவை இல்லையோ?"

"இல்ல," என்றார். வேலியோரமாக நடந்து போனார்.

ஐப்பசி மழை பிடித்தது. மலையில் விதைப்பு நேரம். வள்ளியம்மா விமானத்தளத்தில் நனைந்த சரளை சுமக்கிறாள். நனைந்த கல் பாரம் கூட. சங்கக்கடையில் கிடைக்கிற உப்பு அவளுக்கும் தங்கத்துரைக்கும் காணாது. அதில் தினமும் ஒரு கிள்ளு எடுத்துச் சிரட்டையில் போட்டுப் பார்த்தாள். மழை ஈரத்துக்கு அது கரைந்து தண்ணீராய்ப் போயிற்று.

மலைக்காரி தன் விதைநெல்லைத் தந்தாள். அந்த நெல்லைச் சிவபாதம் தின்றான், மிச்சத்தை அவன் வாயில் போட்டார்கள். வள்ளியம்மா அவளுக்கு ஒரு மரைக்கால் உப்புக் கடன். இன்னும் கொடுக்கவில்லை.