மூன்று முறை கூப்பிட்டார்கள்

நில எடுப்பு ஆபீஸ் டவாலி கதவுக்கு வெளியே வந்து, கையிலிருந்த தாளைப் பார்த்து, "இருசப்பன்!" என்று கத்தியபோது சகாதேவன் பெஞ்சில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். அறுபத்திரண்டு வயதிலும் சுவரில் சாயமாட்டார். தோள் துண்டின் மடிப்புகூடக் கலையவில்லை.

இருசப்பன் அவருடைய அப்பா. இறந்து பதினோரு வருஷம் ஆகிறது. அடி அண்ணாமலையில், சொந்த நிலத்தின் கிணற்று மேட்டை ஒட்டித்தான் அவரைப் புதைத்தார்கள். பட்டா இன்னும் அவர் பேரிலேயே இருக்கிறது. அந்த ஒன்றே முக்கால் ஏக்கரைத்தான் சர்க்கார் கிடங்கு கட்டக் கேட்கிறது. ஆட்சேபணை இருந்தால் இன்று நேரில் வந்து சொல்லலாம் என்று வந்த நோட்டீஸிலும் அப்பா பேர்தான். "செத்தவருக்கு நோட்டீஸாடா?" என்று அதைக் கொண்டுவந்த தலையாரியைச் சகாதேவன் கேட்டார். "அத அங்க போயி சொல்லிக்குங்க" என்று அவன் போய்விட்டான்.

சொல்லத்தான் வந்திருக்கிறார். பதினைந்து நாளாக மல்லாட்டைக் கடலைக்குக் களை வெட்டிக்கொண்டே வாக்கியங்களை அடுக்கிவைத்திருந்தார். பக்கத்திலேயே இரண்டு ஏக்கர் கல்லாங்குத்துப் புறம்போக்கு சும்மா கிடக்கிறது, அதை எடுத்துக்கொள்ளுங்கள் என்று தொடங்கும். கெஞ்சுகிற சொல் ஒன்றுகூட அதில் கிடையாது.

"இருசப்பன்!"

ஊரில் அந்தப் பேரை மொட்டையாக யாரும் சொன்னதில்லை. சகாதேவனுக்குக் காது சுட்டது. மனைவி பச்சையம்மாள் அவர் முழங்கையைத் தொட்டாள்.

"நம்மளத்தான் கூப்புடறாங்க. எழுந்து போங்க."

"யாரு பேரச் சொல்றான்னு காதுல வுழலியா?"

"வுழுது. நான் சொல்ற பேரா அது? நீங்கதான் கொரல் குடுக்கணும்."

மாமனார் பேரை அவள் நாற்பது வருஷமாக உச்சரித்ததில்லை. அவராலோ அந்தப் பேருக்குக் குரல் கொடுக்க முடியாது. அவர்கள் பங்காளிகளிடம் ஒரு வழக்கம். குழியில் இறக்கியதும் மூத்த மகன் செத்தவரை மூன்று முறை பேர் சொல்லிக் கூப்பிடுவான். சுற்றி நிற்பவர்கள் வாயைத் திறக்கக் கூடாது. 'உம்' என்றால்கூட அந்த வீட்டுக்கு ஆகாது. பதினோரு வருஷத்துக்கு முன் அப்படிக் கூப்பிட்டவர் அவர்தான்.

"இருசப்பன்!"

மூன்றாவது முறை. சகாதேவன் பல்லைக் கடித்துக்கொண்டார். டவாலி தாளில் ஒரு கோடு இழுத்துவிட்டு அடுத்த பேருக்குப் போனான்.

பகல் ஒரு மணிக்குத் தாழ்வாரம் காலியானது. அவர் உள்ளே போய் குமாஸ்தா ஆதிமூலத்தின் முன் நின்றார்.

"நான் சகாதேவன். அடி அண்ணாமலை. என்னை இன்னும் கூப்புடல."

ஆதிமூலம் ஃபைல் கட்டைப் புரட்டினார். "மூணு தரம் கூப்ட்டாச்சே. ஆஜராகல, ஆட்சேபணை இல்லனு எழுதியாச்சு."

"அது எங்க நைனா பேரு. செத்தவரு எப்படிங்க ஆஜராவாரு?"

"நீங்க வந்திருக்கலாமில்ல? எட்டடி தூரத்துலதான குந்தினு இருந்தீங்க?"

"என் பேரச் சொல்லியிருந்தா வந்திருப்பேன்."

ஆதிமூலம் சிரித்தார். "இதுல உங்க பேரே இல்லியே பெரியவரே. காயிதத்துல உங்க நைனா உசுரோட இருக்காரு. நீங்கதான் இல்ல."

"ஆபீசரப் பாத்து ரெண்டு வார்த்த சொல்லணும்."

"அவரு கேம்ப் போயிட்டாரு. ஃபைல் மேல போயிடும். இனிமே சொல்லி இன்னா ஆவப்போவுது?"

"கொஞ்சம் தயவு பண்ணுங்க சாமி" என்றாள் பச்சையம்மாள். சகாதேவன் திரும்பி ஒரு பார்வை பார்த்தார்.

ரிஜிஸ்தர் தபாலில் இரண்டு மனு போட்டார். பதில் இல்லை. தை பிறந்ததும் அளக்க வந்துவிட்டார்கள். சர்வேயருக்கு அன்று ஓர் ஆள் குறைவு.

"பெரியவரே, இந்த மொனையக் கொஞ்சம் புடிங்க."

யாருடைய நிலம் என்று சர்வேயருக்குத் தெரியாது. சகாதேவன் சொல்லவும் இல்லை. குனிந்து அளவுச் சங்கிலியின் பித்தளை வளையத்தை எடுத்தார். மறுமுனையைச் சங்கிலி ஆள் இழுத்துக்கொண்டு, மல்லாட்டைச் செடிகளை மிதித்தபடி, கிணற்று மேட்டைத் தாண்டி நடந்தான். அப்பாவைப் புதைத்த இடத்தின்மேல் சங்கிலி படிந்தது. சர்வேயர் எதையோ எழுதினார்.

"ஆச்சு, வுடுங்க."

சகாதேவன் வளையத்தை விடவில்லை.

"பெரியவரே, வுடுங்கன்றேன். காது கேக்கலியா?"

அந்தப் பக்கத்து ஆள் வெடுக்கென்று இழுத்தான். சகாதேவன் காலை அகட்டி ஊன்றி, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். சங்கிலி தரையை விட்டு எழும்பி, அப்பாவின் குழிக்கு மேலே ஒரு சாண் உயரத்தில், வெயிலில் விறைத்து அதிர்ந்துகொண்டிருந்தது.