பிரேக் இல்லாத மொபெட்

கோட்டின் முதுகை நடுவாக இல்வா வெட்டினாள். கத்தரிக்கோல் முரண்டு பிடித்தது. தங்க நிறத் திரைச்சீலைத் துணி அது. அறுபது வருஷத்துக்கு மேல் அலமாரியில் தொங்கியும் விறைப்புக் குறையவில்லை.

"காலரை விட்டுடு. காலர் போச்சுன்னா கோட்டே போச்சு," என்றாள் அம்மா மாய்லிஸ்.

"தெரியும்மா."

"தெரியும்னுதான் சொல்லுவே. உங்கப்பாவும் அதையேதான் சொல்லுவார்."

அப்பா மேசைமேல் வெள்ளைச் சட்டையோடு படுத்திருந்தார். சவ அடக்கக் கம்பெனிப் பெண் மரியாதையாக வெளியே நின்றுகொண்டாள். பத்தொன்பது வயதில் அப்பா சிக்ஸ்டன் குச்சி மாதிரி இருந்தவர். அவரைக் காதலித்துக்கொண்டிருந்த மாய்லிஸ் தன் வீட்டுக் கூடத்துத் திரையை யாருக்கும் தெரியாமல் இறக்கி இந்தக் கோட்டைத் தைத்தாள். அதற்காகத் தன் அம்மாவிடம் வாங்கிய திட்டு இன்னும் அவள் காதில் இருக்கிறது. அந்தக் குச்சி பிறகு மாய்லிஸ் சமைத்த உருளைக்கிழங்கையும் இறைச்சி உருண்டையையும் தின்று நன்றாகவே பருத்துவிட்டது. வெட்டாமல் கோட்டு ஏறாது.

இரண்டு பாதியையும் இரண்டு பக்கமாக நுழைத்து, ஓரங்களை முதுகுக்கடியில் செருகினார்கள்.

"முன்னால இருந்து பார்த்தா ஒண்ணுமே தெரியலம்மா."

"பின்னால இருந்து யாரு பார்க்கப் போறா? மேடையில கூட மனுஷன் முதுகைக் காட்டினதில்ல." அம்மா பட்டன்களைக் கீழிருந்து போட்டுக்கொண்டே வந்து கழுத்தருகில் நிறுத்தினாள். "மேல் பட்டன் வேண்டாம். அவருக்கு மூச்சு முட்டும்."

சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். வெளியே பனி பெய்துகொண்டிருந்தது. இல்வா பட்டனைத் தொடவில்லை.

ஊருக்கு அவர் ராக்-சிக்ஸ்டன். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்தேழு கோடையில் மக்கள் பூங்கா மேடைக்கு ஸ்டாக்ஹோமிலிருந்து வர வேண்டிய இசைக்குழு வந்து சேரவில்லை. 'கூட்டத்தில் யாராவது பாடுகிறீர்களா?' என்று ஒலிபெருக்கியில் கேட்டார்கள். எள் போட்டால் எள் விழாத கூட்டம், ஆனால் அத்தனை பேரும் தங்கள் காலணியையே ஆராய்ந்துகொண்டு நின்றார்கள். மர அறுவை ஆலையிலிருந்து நேராக வந்திருந்த சிக்ஸ்டன், தலைமுடியில் மரத்தூளோடு மேடை ஏறினார். ஏன் போனீர்கள் என்று பின்னாளில் யார் கேட்டாலும் ஒரே பதில்தான்: "தட்டுல கடைசித் துண்டு கெடந்துச்சு. யாராவது ஒருத்தன் எடுக்கணும்ல?"

இரண்டே கோடைகாலம். ஒரே இசைத்தட்டு. 'என் மொபெட்டுக்கு பிரேக் இல்லை' என்ற அந்தப் பாட்டுக்குப் பையன்கள் பூங்கா பெஞ்சுகளை உடைத்தார்கள், பத்திரிகைகள் திட்டித் தீர்த்தன, பெண்கள் கையெழுத்துக்காக அறுவை ஆலை வாசலில் வரிசையில் நின்றார்கள். பிறகு கடல் தாண்டி நீள முடி வைத்த பையன்கள் கித்தார்களோடு வந்து இறங்க, தங்கக் கோட்டு ஒரே குளிர்காலத்தில் கேலிப்பொருளாகிவிட்டது. சிக்ஸ்டன் அதற்காக மூலையில் உட்கார்ந்து அழுகிற ஆள் இல்லை. இடப்பக்கம் ஓட்டிக்கொண்டிருந்த நாடு ஒரு ஞாயிற்றுக்கிழமை விடிகாலையில் வலப்பக்கத்துக்கு மாறியபோது, ஊரில் எல்லோருக்கும் வண்டி ஓட்டத் திடீரென்று பயம் வந்தது. சிக்ஸ்டன் ஓட்டுநர் பள்ளி தொடங்கினார். பிரேக் இல்லாத மொபெட்டைப் பாடியவரிடமே ஊர் முழுக்க பிரேக் பிடிக்கக் கற்றுக்கொண்டது.

அதிலும் அவருடைய பனிப் பாடம் பேர் போனது. குளிர்காலத்தில் உறைந்த ஏரி மேல் வண்டியை ஓட்டச் சொல்லுவார். அந்தக் காலத்து வண்டிகளில் பனியில் பிரேக்கை ஒரேயடியாக அமுக்கினால் வண்டி பம்பரம்தான். விட்டு விட்டு மிதிக்க வேண்டும். பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து முன்பலகையைக் கையால் தட்டித் தட்டிச் சொல்லுவார்: "மிதி, மிதி, விடு. மிதி, மிதி, விடு." காலில் அது தானாக வரும்வரை ஏரியை விட்டுக் கரையேற விடமாட்டார். இல்வாவும் அப்படிக் கற்றவள்தான்.

மூன்று வாரத்துக்கு முன் ஆஸ்பத்திரியிலிருந்து அவரைக் கடைசி முறையாக வீட்டுக்கு அழைத்து வந்தபோது, அவள் ஓட்ட, அவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். ஒவ்வொரு வளைவிலும் அவருடைய வலது கால் இல்லாத பிரேக்கை மிதித்தது.

"என்னோட அடக்கத்துல நீ அந்தப் பாட்டைப் பாடணும். தனியா," என்றார்.

"ஹில்டிங் மாமா பாடட்டும்ப்பா. அவர்தானே உங்க கூட அந்த ஆளுயர பாஸ் வயலினை வாசிச்சவர்?"

"ஹில்டிங் பாடினா நான் பெட்டியிலேருந்து எழுந்து வந்துடுவேன். நீ பாடு. கோயில் பாடகர் குழுவுல பதினஞ்சு பேருக்கு நடுவுல ஒளிஞ்சுக்கிட்டு முப்பது வருஷமா வாயை அசைக்கிறியே, அதெல்லாம் பாட்டா? ஒருத்தனும் கல்லு மாதிரி உக்காந்திருக்கக் கூடாது, ஆமா. சத்தியம் பண்ணு."

"சத்தியம். இப்ப பேசாம வாங்க."

"வேகத்தைக் குறை. முன்னால வளைவு."

நான்கு நாள் கழித்துக் காலைக் காப்பிக்குப் பிறகு, நாற்காலியில் உட்கார்ந்தபடியே போய்விட்டார். அந்த ஊரில் அடக்கத்துக்கு இரண்டு வாரமாவது ஆகும்.

தேவாலய வாசற்படியில் பச்சைத் தேவதாருக் கிளைகளைப் பரப்பியிருந்தார்கள். ஹில்டிங் தன் நீளமான அமெரிக்க வண்டியில் வந்து இறங்கினார். எண்பத்து மூன்று வயது. மிச்சமிருந்த முடியை எண்ணெய் வைத்துப் பின்னால் வாரியிருந்தார். கறுப்புக் கோட்டுக்கடியில் தோல் ஜாக்கெட் எட்டிப் பார்த்தது.

"பாஸை வண்டிக்குள்ளயே வெச்சிருக்கேன், கண்ணு. கண்ணைக் காட்டு, தூக்கிட்டு வந்துடறேன்."

"முதுகு பிடிச்சுக்கும் மாமா."

"அது பாஸுக்கா எனக்கா?"

இல்வா சிரித்துவிட்டாள். கல்லறைச் சுவரோரம் நின்ற குட்ரூன் அத்தை அதைப் பார்த்துவிட்டாள்.

"இல்வா, இங்க வா."

தொண்ணூறைத் தொடும் வயதிலும் அத்தை ஊன்றுகோல் இல்லாமல் நேராக நின்றாள். அப்பாவுக்கு ஒரே அக்கா. பெந்தெகொஸ்தே சபைக்காரி; மேடைப் பாட்டும் ஆட்டமும் அவளுக்குப் பாவம். தம்பி பாடகனான நாளிலிருந்து, வானொலியில் அவன் பேரைச் சொன்னதுமே அணைத்துவிடுவாள். கடையில் அவன் பேர் ஒலித்தால் வாங்கிய சாமானை அப்படியே வைத்துவிட்டு வெளியேறுவாள். தம்பியின்மேல் உயிர்தான். வாரம் தவறாமல் வருவாள், இலவங்கப்பட்டை ரொட்டி சுட்டுக் கொண்டுவருவாள். அந்தப் பாட்டை மட்டும் இந்த வயதுவரை அவள் ஒருதரம்கூடக் கேட்டதில்லை.

"நீ உள்ளே ஏதோ பாடப் போறியாம்."

"அப்பா கேட்டுக்கிட்டார், அத்தை."

"உங்கப்பன் நெறைய கேப்பான். தேவனோட வீட்டுல அது வேண்டாம். நீ பாடினா நான் எழுந்து போயிடுவேன். அப்புறம் என்னைக் கொற சொல்லாதே."

"அத்தை, ரெண்டு நிமிஷப் பாட்டு..."

"அவனைத் தூக்கி வளர்த்தவ நான். அவன் பெட்டிக்கு முன்னால என்னை எழுந்து போக வெக்காதே, இல்வா."

தேவாலய வாசலில் நின்று அத்தையோடு சண்டை போடுகிற வழக்கம் அந்த ஊரில் இல்லை. சண்டை வராமலிருக்க உயிரையே விட்டுக்கொடுப்பார்கள். இல்வா தலையாட்டினாள். "அப்ப காப்பி நேரத்துல பாடறேன், நேரம் இருந்தா," என்றாள். சொன்ன உடனேயே அது எவ்வளவு பெரிய கோழைத்தனம் என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது.

உள்ளே ஞானப்பாட்டுகள் பாடினார்கள். ஒவ்வொருவராகப் பெட்டியருகே போய் ஒற்றை ரோஜாவை வைத்துத் தலை குனிந்துவிட்டுத் திரும்பினார்கள். ஒருத்தரும் தும்மக்கூட இல்லை. அத்தனை பேரும் கல்லு மாதிரிதான் உட்கார்ந்திருந்தார்கள். மூடிய பெட்டிக்குள்ளே தங்கக் கோட்டு இருப்பது தனக்கும் அம்மாவுக்கும் மட்டுமே தெரியும் என்பது இல்வாவின் நெஞ்சை அழுத்தியது. தன் முறை வந்தபோது ரோஜாவை வைத்துவிட்டு, "மன்னிச்சுக்கோங்கப்பா," என்று உதட்டுக்குள் சொன்னாள். அவளுக்கு அவமானமாக இருந்தது.

சபைக் கூடத்தில் காப்பி. நீள மேசைகளில் சாண்ட்விச் கேக்குகள்: ரொட்டி அடுக்கி, மயோனைஸ் பூசி, மேலே இறாலும் முட்டையும் வெள்ளரியும் வைத்தவை. ஊரில் பாதி வந்திருந்தது. மருந்துக்கடைக்காரர், பல் டாக்டர், பேருந்து ஓட்டுநர்கள், பள்ளித் தலைமையாசிரியை. கிட்டத்தட்ட எல்லோருமே அப்பாவிடம் லைசென்ஸ் எடுத்தவர்கள்.

"என்னை நாலு தடவை ஃபெயிலாக்கிட்டார்," என்றார் பல் டாக்டர்.

"அவரா? உன்னை ஃபெயிலாக்கினது அந்த விளக்குக் கம்பம்," என்றார் ஹில்டிங்.

சிரித்தார்கள், உடனே அடக்கிக்கொண்டார்கள். சிலர் எழுந்து அப்பாவைப் பற்றி நான்கு வரி பேசினார்கள். நல்ல மனிதர், பொறுமைசாலி, குளிர்காலச் சாலையில் எங்கள் உயிரைக் காத்தவர். பாட்டைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை. முதல் மேசையில் குட்ரூன் அத்தை உட்கார்ந்திருக்கிறாளே.

இல்வா நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். நேரம் நிறைய இருந்தது. தொண்டைதான் இல்லை.

அவள் முன்னாலிருந்த தட்டில் கேக்கின் கடைசித் துண்டு மிச்சமிருந்தது. பந்திக்கு முந்து என்கிற பழமொழி இந்த ஊரில் செல்லாது. கடைசித் துண்டை எடுப்பது இங்கே திருட்டுக்குச் சமம். தலைமையாசிரியை வந்தாள், துண்டைப் பார்த்தாள், பாதியாக வெட்டி ஒரு பாதியை மட்டும் எடுத்துப் போனாள். மருந்துக்கடைக்காரர் வந்தார், மீதியில் பாதியை எடுத்தார். பேருந்து ஓட்டுநர் ஒருவர் அதையும் பாதியாக்கினார். கடைசியில் ஓர் இறாலும் அதைத் தாங்குகிற அளவுக்கு ரொட்டியும் நின்றன. அதைத் தொட ஆளில்லை.

"அய்யோ, யாராவது எடுத்துக்கோங்களேன்," என்றாள் அம்மா.

"நீங்க எடுத்துக்கோங்க."

"எனக்குப் போதும், போதும்."

மேலங்கிகளைத் தேடி ஆட்கள் எழ ஆரம்பித்தார்கள். குட்ரூன் அத்தையும் கைப்பையை மடிமேல் எடுத்து வைத்துக்கொண்டாள். இன்னும் கொஞ்ச நேரத்தில் கூடம் காலியாகிவிடும். அப்பா இருந்திருந்தால் இந்நேரம் அந்தத் துண்டு அவர் வயிற்றில் இருந்திருக்கும். வாய் நிறைய வைத்துக்கொண்டு, 'யாராவது ஒருத்தன் எடுக்கணும்ல?' என்று கேட்டிருப்பார்.

இல்வா கையை நீட்டினாள். கரண்டி தேடவில்லை. விரலாலேயே எடுத்து வாயில் போட்டு, நின்றபடி மென்று விழுங்கினாள். பக்கத்து மேசைகளில் பேச்சு நின்றது. எழுந்தவர்கள் அப்படியே நின்றார்கள். அம்மா மட்டும் தன் கைக்குட்டையை நீட்டி, "வாயைத் துடைச்சுக்கோ, பாடறதுக்கு முன்னால," என்றாள்.

இல்வா துடைத்துக்கொண்டாள்.

"என் மொபெட்டுக்கு பிரேக்கே இல்ல,
எங்கப்பனுக்கு அது தெரியவே இல்ல..."

முதல் வரி கோயில் பாடகர் குழுவின் குரலில்தான் வந்தது. தனியாக நிற்கும்போது தன் குரல் இவ்வளவு சின்னதா என்று பயந்தாள். இரண்டாவது வரியின் முடிவில் இசைத்தட்டில் அப்பா குரலை உடைத்து வைக்கும் விக்கல் தானாக வந்து விழுந்தது. அதற்கப்புறம் பயமில்லை.

"ஏறிக்கோ புள்ளே, இடுப்பைப் புடி,
ஏரிக்கரை வந்தா கண்ணை மூடு..."

யாரும் எழுந்து ஆடவில்லை. கை தட்டவில்லை. இந்த ஊரில் அதை எதிர்பார்க்கவும் கூடாது. எழுந்தவர்கள்கூட மெல்ல உட்கார்ந்துவிட்டார்கள். ஆனால் மேசைகளுக்கு அடியிலிருந்து ஒரு சத்தம் வர ஆரம்பித்தது. முதலில் பல் டாக்டரின் மேசையில், பிறகு பேருந்து ஓட்டுநர்கள் பக்கம், பிறகு கூடம் முழுக்க. வலது கால்கள். இரண்டு மிதி, ஒரு விடு. இரண்டு மிதி, ஒரு விடு. பல் டாக்டர் குனிந்து தன் காலையே வியப்போடு பார்த்தார். ஏரிப் பனியில் முன்பலகையைத் தட்டித் தட்டி அப்பா அவர்களுக்குச் சொல்லிக் கொடுத்தது இந்தப் பாட்டின் தாளத்தைத்தான். எத்தனையோ குளிர்காலமாக ஊர் முழுக்க அதைக் காலாலேயே பாடிக்கொண்டிருந்திருக்கிறது, அவர் ஒருத்தரிடமும் வாயைத் திறக்கவில்லை. ஹில்டிங் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "திருட்டுப் பய," என்றார்.

இல்வாவுக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. பாட்டை மட்டும் விடவில்லை. பாடிக்கொண்டே முதல் மேசைப் பக்கம் பார்த்தாள்.

குட்ரூன் அத்தை எழுந்து போகவில்லை. கணவன் இறந்த வருஷம், ஜெபக் கூட்டத்துக்குத் தனியாகப் போய்வர வேண்டும் என்று தம்பியிடம் வண்டி கற்றவள் அவள். போன குளிர்காலம் வரை தானே ஓட்டினாள். ஒருதரமும் சறுக்கியதில்லை.

"இதுவா?" என்று அம்மாவைக் கேட்டாள். "மாய்லிஸ், இதுவா அந்தப் பாட்டு?"

"இதேதான், குட்ரூன்."

அத்தை உதட்டை இறுக்கிக்கொண்டு, கைப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, எதிர்ச்சுவரையே பார்த்து நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். மேசைத் துணிக்குக் கீழே அவளுடைய வலது பூட்ஸ் மிதித்தது, மிதித்தது, விட்டது.