முதுகு நடிகர்

எங்கள் மேல்வீட்டு மொரியாமா அண்ணை நடிகர் என்றால் யார் நம்புவார்? இந்த ஜெர்மன் நாட்டுப் பான் நகரில் குப்பை வாளியைத் தவறான நாளில் வெளியே வைக்கிற ஒரே யப்பான்காரர் அவர்தான். அவர் நடித்தது ஐம்பது வருடத்துக்கு முந்திய படமாம். ஆணை ஆண் காதலிக்கிற கதை. இவர் பெண்ணுடை உடுத்துக் காதலனைக் கட்டிப்பிடித்து ஆடுவாராம். ஆனால் இயக்குநர், ஏதோ புதுமை செய்கிறேனென்று, கடைசிவரை இவருடைய முதுகை மட்டும்தான் எடுத்தாராம். பாழாய்ப் போவான்!

"சனிக்கிழமை இங்கே சின்னத் தியேட்டரில் போடுகிறார்கள்," என்று ஜெர்மனில் சொன்னார். "போன தடவை ஐந்து பேர்தான் வந்தார்கள். அந்த முதுகு என்னுடையது என்று சாவதற்குள் நாலு பேருக்காவது தெரியவேண்டும்."

உடனே என் மனுசன் அசோகனிடம் ஆள் சேர்க்கச் சொன்னேன். அந்த மனுசனுக்கு எதையும் அளவாகச் செய்யத் தெரியாது. கோயிலில் நின்று, "எங்கட மேல்வீட்டு அண்ணைக்கு விழா, குடும்பத்தோட வாங்கோ," என்று சொல்லிவிட்டார்.

தியேட்டர் முழுக்கப் பட்டுச்சேலை. சாமத்திய வீடு, பூப்பு விழா என்று படம் எடுக்கிற நாகமுத்து லைட்டோடு வந்துவிட்டான். திரையில் இரண்டு ஆண்களும் முத்தமிட்டபோது நான் திரையை விட்டுவிட்டுப் பின்வரிசைகளைத் திரும்பிப் பார்த்தேன். இந்தச் சனம் என்ன சொல்லுமோ!

முன்வரிசையில் ரஞ்சினி அக்கா சத்தமாகக் கேட்டார்: "உந்த மற்றப் பொடியன் ஆர்?"

நான் அண்ணையிடம் கேட்டுச் சொன்னேன். "உண்மையிலும் அண்ணையின்ரை ஆள்தானாம் அக்கா. பிறகும் முப்பது வருசம் ஒண்டாத்தான் இருந்தவையாம். இப்ப அவர் இல்லையாம்."

"ஐயோ, வடிவான சோடி," என்று அக்கா மூக்கைச் சிந்தினார்.

படம் முடிந்தும் யாரும் எழும்பிப் போகவில்லை. விழா நாயகரோடு குடும்பம் குடும்பமாகப் படம் பிடிக்காமல் எங்கள் சனம் வீட்டுக்குப் போனதாக வரலாறு இல்லை. வரிசை வாசல்வரை நீண்டது. தியேட்டர்க்காரி தலையில் கை வைத்தாள். அண்ணையைத் திரைக்கு முன்னால் நிறுத்திப் பொன்னாடை போர்த்தினார்கள்.

நாகமுத்து கமராவைத் தூக்கினான். அண்ணை பழக்கதோஷத்தில் திரும்பி முதுகைக் காட்டினார்.

"முதுகு ஆருக்கண்ணை வேணும்? இஞ்சாலை திரும்புங்கோ!"

வரிசை முழுக்க "முகம்! முகம்!" என்று கத்தியது. தமிழ் தெரியாவிட்டாலும் அவருக்கு விளங்கிவிட்டது. மெல்லத் திரும்பினார். கண் கலங்கியிருந்தது. என் காதருகே குனிந்து கேட்டார்:

"எனக்கு எந்தப் பக்கம் அழகு? ஒருவரும் சொன்னதில்லை."

"முன்பக்கம், அண்ணை," என்றேன்.