கிளச்சின் மேல் போட்ட பழி

அறுபத்திரண்டாம் வருஷம் இலங்கை மலைநாட்டு ஹட்டன் ஸ்டாண்டில் வாடகைக்கு ஓடும் ஏழு ஹையர் கார்கள் நிற்கும். அதில் ஒன்று என்னுடைய சாம்பல் நிற ஒஸ்டின். ஏழு டிரைவர்களில் காரைப் பற்றி அதிகம் பேசுகிறவன் நான். காரைப் பற்றி அதிகம் தெரிந்தவனும் நான்தான் என்று அப்போது எனக்கு ஒரு நினைப்பு இருந்தது.

அந்த நினைப்பு வந்த வழியையும் சொல்லிவிடுகிறேன். ஹையர் ஓட்ட வருவதற்கு முன்னால் மூன்று வருஷம் ஒரு தேயிலைத் தோட்டத்து லொறியில் கிளீனராக இருந்தேன். மெக்கானிக் கேட்ட ஸ்பேனரை எடுத்துக் கொடுத்துக் கொடுத்தே நானும் மெக்கானிக் ஆகிவிட்டதாக நம்பினேன். ஸ்டாண்டில் யாருடைய கார் மக்கர் பண்ணினாலும் என்னைத்தான் கூப்பிடுவார்கள். ஒரு ஸ்குரூ டிரைவரின் நுனியை எஞ்சின் மேல் ஊன்றி, பிடியைக் காதில் வைத்துக்கொண்டு கண்ணை மூடுவேன். கண்ணை மூட வேண்டிய அவசியமே இல்லை. ஆனால் மூடினால்தான் சுற்றி நிற்பவர்கள் பேச்சை நிறுத்துவார்கள். "சின்னராசா சத்தத்தைக் கேட்டே வியாதியைச் சொல்லிடுவான்" என்று ஒரு பேர் ஊருக்குள் பரவியிருந்தது. பரப்பியவர்களில் நானும் ஒருவன்.

அந்த வருஷம் மாசி மாதம் என் காரின் கிளச் பிளேட் தேய்ந்துவிட்டது. டிக்கோயா ரோட்டு வளைவில் கராஜ் வைத்திருந்த நஜீம் நானாதான் புதுசு மாற்றிக் கொடுத்தார். முஸ்லிம் அண்ணன்மாரை நாங்கள் நானா, காக்கா என்றுதான் கூப்பிடுவோம். நஜீம் நானா அதிகம் பேசாத மனுஷர். என்ன கோளாறு என்று கேட்டால் திறந்து பார்க்கணும் என்பார். அதற்கு மேல் ஒரு வார்த்தை வராது. கேட்டவுடனே சொல்லத் தெரியாததால்தான் அவர் திறந்து பார்க்கிறார் என்று நான் மற்றவர்களுக்கு விளக்கம் சொல்லியிருக்கிறேன்.

பிளேட் மாற்றி ஒரு மாசம் போயிருக்கும். முதல் கியரைப் போட்டுக் கிளச்சை விட்டால் கார் உதற ஆரம்பித்தது. கியர்த் தண்டு ஆடும், கண்ணாடி ஆடும், பின் சீட்டில் இருப்பவர்களின் பல்லும் சேர்ந்து ஆடும். கூடவே அடியில் 'டொக்' என்று ஒரு சத்தம். திம்புள்ளப் பக்கத்துத் தோட்டத்து ஆபீஸ் கிளாக்கர் ஐயாவின் சம்சாரம் காரை விட்டு இறங்கும்போது, காருக்குக் குளிர்க் காய்ச்சலா என்று கேட்டுவிட்டுப் போனார்.

நான் வழக்கம்போல ஸ்குரூ டிரைவரைக் காதில் வைத்தேன், கண்ணை மூடினேன், வியாதியைக் கண்டுபிடித்தேன். கண்டுபிடித்ததை என்னோடு வைத்துக்கொண்டிருந்தால் இந்தக் கதையே இல்லை. ஸ்டாண்டுக்கு எதிரில் ஹமீது காக்காவின் தேத்தண்ணிக் கடை. ஸ்டாண்டுக்காரர்கள் எல்லோரும் உட்கார்ந்திருந்த நேரத்தில் அங்கே போய்ச் சொன்னேன்.

"புது பிளேட்டுன்னு சொல்லிட்டு நஜீம் நானா பழசத்தான் போட்டிருக்காரு. என் காதுக்குத் தெரியாதா?"

ஹமீது காக்கா கிளாசை என் முன்னால் வைத்துக்கொண்டே, அவரிடம் போய்க் கேட்டீர்களா என்றார். கேட்டால் ஒத்துக்கொள்ளவா போகிறார் என்று நான் சொன்னேன். மூலையில் செல்லசாமி அண்ணன் உட்கார்ந்திருந்தார். ஸ்டாண்டிலேயே மூத்தவர். காரைப் பிள்ளை மாதிரி துடைத்து வைத்திருப்பவர். அந்த வாரம் அவர் தன் காரை நஜீம் நானாவிடம் விடுவதாக இருந்தது. நான் சொன்னதைக் கேட்டுத் தலையை ஆட்டிக்கொண்டார். மறுநாள் அவருடைய கார் வேறு கராஜுக்குப் போனது. அடுத்த வாரம் அழகன் என்ற இன்னொரு டிரைவரும் அங்கேதான் போனான். என் பேச்சுக்கு இவ்வளவு மதிப்பா என்று எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

இனி நஜீம் நானாவிடம் போக முடியாது. ஆகவே வைத்தியத்தை நானே செய்தேன். பிளக்குகளைக் கழற்றித் துடைத்தேன். கார்புரேட்டரைப் பெட்ரோலில் கழுவினேன். கிளச் மிதியை இறுக்கினேன், தளர்த்தினேன், திரும்ப இறுக்கினேன். முதலிலிருந்தே வாரம் ஒரு தரம் எஞ்சினுக்கு எண்ணெய் ஊற்றி வந்தவன், எதற்கும் இருக்கட்டும் என்று இப்போது நாலு நாளைக்கு ஒரு தரம் ஊற்றினேன். எண்ணெய் ஊற்றப் புனல் வைத்துக்கொள்வது கைப்பழக்கம் இல்லாதவர்கள் செய்கிற வேலை என்று ஒரு கொள்கை வேறு எனக்கு. பாதி உள்ளே போகும், மீதி பக்கவாட்டில் வழியும். இத்தனை செய்தும் உதறல் கூடிக்கொண்டே போனது. கடைசியில் காரை எப்போதும் இறக்கத்தைப் பார்த்து நிறுத்தி வைத்துக்கொண்டேன். அப்படி நிறுத்தினால் கிளச்சில் எடுக்கத் தேவையில்லை, தானாக உருளும். ஹட்டனில் இறக்கத்துக்கா பஞ்சம்?

இந்த நிலைமையில்தான் ஒரு கல்யாண ஹையரை ஒத்துக்கொண்டேன். திம்புள்ளையில் ஒரு தோட்டத்துக் கங்காணி அழகுமுத்து. அவருடைய மகள் நாகலெட்சுமிக்கு நோட்டன் பிரிட்ஜுக்குப் பக்கத்துத் தோட்டத்தில் மாப்பிள்ளை. பதினொன்றரைக்கு முகூர்த்தம், மாப்பிள்ளை தோட்டத்து மாரியம்மன் கோயிலில் தாலிகட்டு. கார் நல்லபடியாகப் போகுமா என்று கங்காணி கேட்டார். தொட்டிலில் போகிற மாதிரி இருக்கும் என்று சொன்னேன். ஆட்டத்தைப் பொறுத்தவரை அது பொய்யில்லை.

காலையில் பெண்ணை ஏற்றிக்கொண்டு கிளம்பினோம். முன் சீட்டில் கங்காணி. பின்னால் பட்டுச் சேலையும் மாலையுமாக நாகலெட்சுமி, அவளுக்கு இரண்டு பக்கமும் அம்மாவும் அத்தையும். ஹட்டனைத் தாண்டி நஜீம் நானாவின் கராஜ் வந்தபோது, வேண்டுமென்றே இரண்டு தரம் ஹோர்ன் அடித்தேன். கல்யாண ஹையர் போகிறேன், உம்முடைய தயவு இல்லாமலும் எனக்குப் பிழைப்பு நடக்கிறது என்று அர்த்தம். அவர் ஒரு லொறிக்கு அடியில் படுத்திருந்தார். காலை மட்டும்தான் பார்த்தேன்.

அதற்குப் பிறகு இறக்கம். நோட்டன் பிரிட்ஜுக்கு இரண்டு மைல் இருக்கும்போது ஒரு வளைவில் எதிரே பஸ் வந்தது. பிரேக்கை அழுத்தி மிதித்தேன். கார் நின்றது. ஆனால் முன்னால் பொனட்டுக்குள் ஏதோ ஒன்று நிற்காமல் முன்னே போனது. கரகரவென்று தகரத்தை அறுக்கிற சத்தம், அடுத்த நொடி புஸ்ஸென்று ஆவி. பஸ்ஸில் இருந்தவர்கள் எல்லோரும் எட்டிப் பார்த்துக்கொண்டே போனார்கள்.

பொனட்டைத் திறந்தேன். காத்தாடியின் இறக்கைகள் ரேடியேட்டரை வட்டமாக வெட்டியிருந்தன. தண்ணீர் ரோட்டில் ஓடியது. கங்காணி என் முகத்தையே பார்த்தார். அந்த நேரத்திலும் எனக்கு வாய் அடங்கவில்லை. எல்லாம் நஜீம் நானா போட்ட கிளச் பிளேட்டால் வந்த வினை என்று ஆரம்பித்தேன்.

நாகலெட்சுமி காரை விட்டு இறங்கி, சேலை நனையாமல் தூக்கிப் பிடித்துக்கொண்டு என் பக்கத்தில் வந்து நின்றாள். தோட்டத்து ஃபக்டரியில் சல்லடை மிசினில் வேலை செய்கிறவள் அவள். ஆவி அடங்கும் வரைக்கும் எஞ்சினையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏன் அண்ணே, கிளச் பிளேட்டு போனா காத்தாடி எதுக்கு ரேடியேட்டர வெட்டுது?" என்றாள்.

கல்யாணப் பெண்ணுக்கு இந்தப் பேச்செல்லாம் எதற்கு என்று அப்பா அவளை அடக்கப் பார்த்தார். அவள் விடவில்லை.

"எஞ்சின் ஒரு பக்கமா சாஞ்சிருக்கு, பாருங்க. எங்க சல்லடை மிசினுக்குக் கால் ரப்பர் போனப்பவும் இப்பிடித்தான் சாஞ்சிச்சு. உதறிக்கிட்டே இருந்து ஒரு நாள் எடத்த விட்டே நகந்திருச்சு."

குனிந்து பார்த்தேன். இடது பக்கம் இரண்டு விரல் அளவுக்கு இறங்கித்தான் இருந்தது. ஒரு மாசமாகத் தினமும் திறந்து பார்த்த எஞ்சின். மாலையும் கழுத்துமாக நின்ற பெண்ணுக்கு ஒரே பார்வையில் தெரிந்தது, எனக்குத் தெரியவில்லை.

நல்லவேளையாக அந்த வழியே ஒரு தேயிலைக் கொழுந்து லொறி வந்தது. மாப்பிள்ளை தோட்டத்து லொறிதான். நாகலெட்சுமியும் அவள் அம்மாவும் டிரைவருக்குப் பக்கத்தில் ஏறினார்கள். கங்காணியும் அத்தையும் பின்னால் கொழுந்துச் சாக்குகள் மேல் உட்கார்ந்தார்கள். புது வேட்டியைக் கட்டிக்கொண்டு சாக்கைப் பிடித்தபடி கங்காணி என்னைப் பார்த்த பார்வையை நான் இங்கே எழுதப் போவதில்லை. முகூர்த்தத்துக்கு இருபது நிமிஷம் முன்னாலேயே போய்ச் சேர்ந்தார்கள். கொழுந்து லொறியில் வந்து இறங்கிய பெண் என்று அந்தத் தோட்டத்தில் அவளுக்கு ஒரு பெருமையே உண்டாகிவிட்டதாகப் பிறகு கேள்விப்பட்டேன்.

லொறி திரும்பி வந்து என் காரைக் கயிறு கட்டி மேட்டில் இழுத்தது. எங்கே விடணும் என்று டிரைவர் கேட்டார். இழுத்துப் போகிற வழியில் இருந்த கராஜ் ஒன்றுதான்.

நஜீம் நானா வந்து பொனட்டைத் திறந்தார். ரேடியேட்டர் ஒழுகுகிறது என்று மட்டும் நான் சொன்னேன். அவர் ரேடியேட்டரைக் கழற்றி வைத்துவிட்டு என்னை ஸ்டியரிங்கில் உட்காரச் சொன்னார். ஹேண்ட் பிரேக்கை இழுத்துப் பிடித்துக்கொண்டு முதல் கியரில் கிளச்சை மெல்ல விடச் சொன்னார். விட்டேன். பிறகு அவர் உட்கார்ந்துகொண்டு என்னை எஞ்சினைப் பார்க்கச் சொன்னார்.

கிளச்சை விட விட, எஞ்சினின் இடது பக்கம் எழும்பியது. மிதித்தவுடன் 'டொக்' என்று கீழே உட்கார்ந்தது. ஒரு மாசமாக நான் கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்த சத்தம் அதுதான். கண்ணைத் திறந்து வைத்திருந்தால் முதல் நாளே தெரிந்திருக்கும்.

எண்ணெய்த் தொட்டிக்கு அடியில் பலகை வைத்து, அதற்குக் கீழே ஜாக்கியைக் கொடுத்து, எஞ்சினை ஒரு அங்குலம் தூக்கினார். போல்ட்டுகளைக் கழற்றி, எஞ்சினைத் தாங்குகிற இடது பக்கத்து மவுண்டிங்கை வெளியே எடுத்தார். இரண்டு இரும்புத் தகட்டுக்கு நடுவே கெட்டியாக ஒட்டியிருக்க வேண்டிய ரப்பர். தகடுகள் தனித்தனியாக வந்தன. ரப்பர் தொதல் அல்வா மாதிரி அவர் விரலில் ஒட்டிக்கொண்டது.

"எண்ணெயில ஊறிப் போய் ஈக்குது. யாரு எண்ணெய் ஊத்துறது?"

"நான்தான் நானா."

அவர் திட்டியிருந்தால் எனக்கு லேசாக இருந்திருக்கும். கையைத் துணியில் துடைத்துக்கொண்டு வலது பக்கத்தையும் கழற்றப் போனார். ஒன்று போனால் மற்றதும் நிற்காது, இரண்டையும் சேர்த்துத்தான் மாற்ற வேண்டும் என்றார். வெளிநாட்டுச் சாமான்களுக்குக் கட்டுப்பாடு வந்திருந்த காலம், புதுசு கிடைக்காது. போன வருஷம் கினிகத்தேனை வளைவில் உருண்ட ஒஸ்டின் ஒன்று அவருடைய கராஜுக்குப் பின்னால் புல் முளைத்துக் கிடந்தது. அதிலிருந்து இரண்டு மவுண்டிங்குகளைக் கழற்றி வந்தார். நகத்தால் அழுத்திப் பார்த்தார், வளைத்துப் பார்த்தார், முகர்ந்துகூடப் பார்த்தார். அவ்வளவும் செய்த பிறகுதான் பரவாயில்லை என்றார். நானாக இருந்தால் கழற்றும் முன்பே சொல்லியிருப்பேன்.

அவர் அடியில் படுத்து வேலை செய்துகொண்டிருந்தபோதுதான் எனக்குத் தைரியம் வந்தது. முகத்தைப் பார்க்க வேண்டியதில்லையே.

"நானா, உங்களப் பத்திக் கடையில ஒண்ணு சொல்லிட்டேன்."

ஸ்பேனர் சத்தம் நின்றது. "கேள்விப்பட்டேன்" என்றார்.

"தப்பாச் சொல்லிட்டேன்."

ஸ்பேனரைக் கீழே வைத்தார். பிறகு வெளியே வந்து உட்கார்ந்தார். செல்லசாமியும் அழகனும் எட்டு வருஷமாகத் தன்னிடம் வந்துகொண்டிருந்தவர்கள் என்றார். குரலில் கோபம் இல்லை, சலிப்புத்தான் இருந்தது.

"எனக்கிட்டச் சொல்லி என்ன புண்ணியம்? கேட்டவங்கக்கிட்டப் போய்ச் சொல்லுங்க."

போல்ட்டுகளைப் போட்டார், ஆனால் முழுசாக முறுக்கவில்லை. ஜாக்கியை இறக்கி, எஞ்சின் தன் இடத்தில் தானாக உட்கார்ந்த பிறகுதான் ஒவ்வொன்றாக இறுக்கினார். காத்தாடியை நிமிர்த்தினார். ரேடியேட்டரின் ஓட்டைகளை ஈயம் வைத்து அடைத்து மாட்டினார். சாயங்காலம் நான் கிளச்சை விட்டபோது கார் ஒரு நடுக்கம்கூட இல்லாமல் நகர்ந்தது. எனக்குத்தான் கொஞ்சம் நடுங்கியது.

நேராக ஹமீது காக்காவின் கடைக்குப் போனேன். எல்லோரும் இருந்தார்கள். அந்த ஊறிப்போன ரப்பரை மேசை மேல் வைத்து, நடந்ததை ஒன்றும் விடாமல் சொன்னேன். பிளேட் நல்ல பிளேட்தான், கெட்டது ரப்பர், அதைக் கெடுத்தது என் எண்ணெய், அதையும் கண்டுபிடித்தது கல்யாணப் பெண் என்றேன். சிரிப்பு அடங்க நேரமாயிற்று. தேத்தண்ணி குடிக்கிற இடத்தில் இந்த நாற்றம் எதற்கு என்று ஹமீது காக்கா ரப்பரை எடுத்து வெளியே வீசினார். அழகன் மட்டும் சிரிக்கவில்லை. நாளைக்கே நஜீம் நானாவிடம் போகிறேன் என்றான், போகவும் செய்தான்.

செல்லசாமி அண்ணன் வழக்கம்போலத் தலையை ஆட்டினார். கூட்டம் கலைந்த பிறகு என்னைத் தனியே கூப்பிட்டுத் தோளில் கை வைத்தார்.

"ஒனக்கு நல்ல மனசுப்பா. அந்த மனுசனோட பொழப்பு கெடக்கூடாதுன்னு பழிய நீ ஏத்துக்கிட்ட. எனக்குத் தெரியாதா?"

இல்லை அண்ணே, நிஜமாகவே தப்பு என்னுடையதுதான் என்றேன். அவர் சிரித்தார். மறுநாளும் சொன்னேன். அந்த மாசம் முழுக்கச் சொன்னேன். நஜீம் நானாவின் கராஜுக்கே கையைப் பிடித்துக் கூட்டிப் போகப் பார்த்தேன், வரவில்லை. நான் சொல்லச் சொல்ல என் பெருந்தன்மை மேல் அவருக்கு மதிப்புத்தான் கூடியது. நான் முதலில் சொன்ன பொய்யை ஒரே தடவையில் நம்பிய மனுஷர். அவருடைய கார் கடைசி வரைக்கும் அந்த டிக்கோயா ரோட்டு வளைவில் நிற்கவேயில்லை. நஜீம் நானாவிடம் இதைச் சொன்னபோது, சொல்லிக்கிட்டே இருங்க என்றார். சொல்லிக்கொண்டுதான் இருக்கிறேன்.