தலையாட்டி நின்ற மத்தியானம்

நாற்காலி மேல் ஏறி மின்விசிறியின் இறக்கையைத் துடைத்துக்கொண்டிருந்த மகனை அம்மா கீழே நின்று அண்ணாந்து பார்த்தாள்.

“இப்ப இதுதான் ரொம்ப முக்கியமா? தூசியெல்லாம் அவர் மேல விழுது பாரு. இறங்குடா கீழே.”

இறங்கினான். கட்டிலில் அப்பா கண்மூடிக் கிடந்தார். நேற்று டாக்டர் வந்து பார்த்துவிட்டு, “இனிமே அங்கேயும் இங்கேயும் அலைக்கழிக்காதீங்க, கூட இருங்க” என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார். கூட இருப்பது என்றால் எப்படி இருப்பது என்று அவனுக்குத் தெரியவில்லை. அம்மாவுக்குத் தெரிந்திருந்தது, பஞ்சைத் தண்ணீரில் நனைத்து அவர் உதட்டில் ஒற்றிக்கொண்டிருந்தாள். அக்காவுக்கும் தெரிந்திருந்தது, கால்மாட்டில் உட்கார்ந்து அவர் பாதத்தைத் தேய்த்துவிட்டுக்கொண்டிருந்தாள். இவன்தான் குட்டி போட்ட பூனை மாதிரி வீட்டைச் சுற்றிச் சுற்றி வந்தான்.

வந்ததிலிருந்து சமையலறைக் குழாயின் சொட்டை நிறுத்தியிருந்தான். ஜன்னலில் விரிசல் விட்ட கண்ணாடிக்கு அட்டை வைத்து ஒட்டியிருந்தான். பின்கதவுக் கீலுக்கு எண்ணெய் விட்டிருந்தான். நாட்டுக்கெல்லாம் எண்ணெய் அனுப்புகிற ஊரில் இந்த ஒரு கீல் வருஷக்கணக்காக அழுதுகொண்டு கிடந்தது.

“உனக்கு ஒரு இடத்துல உட்காரவே தெரியாதாடா?” என்றாள் அக்கா. “பஸ் ஓட்டும்போது மட்டும் எப்படி உட்கார்ந்திருக்கே?”

“அது ஓடுதே” என்றான்.

அப்பா கிணற்றுக்காரர். தண்ணீர்க் கிணறு இல்லை, எண்ணெய்க் கிணறு. பூமிக்கடியிலிருந்து எண்ணெயை உறிஞ்சி மேலே தள்ளும் இரும்பு எந்திரம், நீளக் கழுத்தும் கனத்த தலையுமாக மேலும் கீழும் ஆடிக்கொண்டே இருக்கும். ஊரில் அதற்குத் தலையாட்டி என்று பெயர். மற்ற தலையாட்டிகள் எல்லாம் ஊருக்கு வெளியே பொட்டலில் நின்றன. ஒன்று மட்டும் இவர்கள் வீட்டுப் பின்சுவரை ஒட்டி, கம்பி வேலிக்குள் நின்றது. ஏறும்போது ஒரு முனகல், இறங்கும்போது ஒரு இடி. இரவு பகல் கிடையாது. “இந்த வீட்டுல நான் சொன்னதுக்குத் தலையாட்டுற ஒரே ஆள் அதுதான்” என்று அம்மா வந்தவர்களிடமெல்லாம் சொல்வாள். அப்பா அதற்கும் வாய் திறக்கமாட்டார்.

மகனும் தன்னைப் போல் இந்த எந்திரங்களோடு இருப்பான் என்று அப்பா நினைத்திருந்தார். பையனோ மீசை அரும்பியதும் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு வேறு ஊருக்குப் போய்விட்டான். அவர் திட்டவில்லை. திட்டியிருந்தால் ஒரு நாள் சமாதானமும் ஆகியிருக்கலாம். அதற்குப் பிறகு போனில், “வண்டி நல்லா ஓடுதா?” என்பார். “ஓடுதுப்பா” என்பான். போன் அம்மா கைக்குப் போய்விடும். அவ்வளவுதான் அப்பனும் பிள்ளையும்.

இப்போது அவனுக்கு இருந்ததெல்லாம் ஒரே தவிப்பு. அவர் போவதற்குள் அவருக்கு ஏதாவது ஒன்று செய்துவிட வேண்டும். செய்தது இவன் என்று அவருக்குத் தெரியாவிட்டாலும் போகட்டும், அவர் உடம்புக்காவது தெரிய வேண்டும். அது நடக்காமலே போய்விடுமோ என்ற பயம்தான் அவனை நாற்காலியில் ஏற்றியது, இறக்கியது.

சாப்பாட்டு வேளை தாண்டியபோது அவன் ஒன்றைக் கவனித்தான். தலையாட்டி ஒவ்வொரு முறை இடிக்கும்போதும் அப்பாவின் புருவம் லேசாகச் சுருங்கியது. உற்றுப் பார்த்தான். ஆமாம், ஒவ்வொரு இடிக்கும்.

“அம்மா, அந்தச் சத்தம் அவரை வதைக்குது.”

“யாரை, இவரையா? போடா. அது பாட்டுக்கு அது, இவர் பாட்டுக்கு இவர்.”

“புருவத்தைப் பாரு.”

அம்மா பார்க்கவில்லை. பஞ்சை நனைத்துக்கொண்டிருந்தாள். அவன் வீட்டின் பின்பக்கமாக வெளியே போனான்.

வேலிக் கதவு சும்மாதான் சாத்தியிருந்தது. ஷிஃப்ட் பார்க்கிற ஆளை ஊரே ‘வால்வு’ என்று கூப்பிடும். வாயைத் திறந்தால் மூடுவதற்கு இன்னொரு ஆள் வேண்டும். இந்த நேரத்தில் அவர் பொட்டலில் இருப்பார். சுவிட்சுப் பெட்டி எங்கே என்று இவனுக்குத் தெரியும். சின்ன வயதில் அப்பாவுக்குச் சாப்பாடு கொண்டுவந்து நின்ற இடம்தானே. பெட்டியைத் திறந்து சுவிட்சைத் தட்டினான். மோட்டார் அடங்கியது. கனத்த தலை, நிற்க மனமில்லாமல் இன்னும் இரண்டு ஆட்டம் ஆடிவிட்டு நின்றது.

அப்பாடா என்று இருந்தது. வேலையை முடித்த திருப்தியில் கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தான். வீடு வேறு வீடாக இருந்தது. ஃபிரிட்ஜ் உறுமுவது கேட்டது. அக்காவின் வளையல் உரசுவது கேட்டது. அவள் தலை நிமிர்ந்து, வாய் பாதி திறந்து, அம்மாவைப் பார்த்தாள். அம்மா கையில் இருந்த பஞ்சிலிருந்து தண்ணீர் தரையில் சொட்டியது.

அப்பா கண் திறந்தார்.

நேற்றிலிருந்து திறக்காத கண். நேராக உத்தரத்தைப் பார்த்தது.

“யாரு?” என்றார்.

தன்னைத்தான் கேட்கிறார் என்று அவன் குனிந்தான். “நான்தாம்பா. வந்திருக்கேன்.”

“நின்னுடுச்சே.” மூச்சு வாங்கினார். “யாரு?”

அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. இந்த ஊரில் கிணற்று வேலைக்காரன் எவன் செத்தாலும் முதலில் இந்தத் தலையாட்டியைத்தான் நிறுத்துவார்கள். ஆள் விட்டுச் சொல்வதில்லை. சத்தம் நின்றதும் அவரவர் கைவேலையைப் போட்டுவிட்டு வாசலுக்கு வந்து, யார் என்று கேட்டுக்கொண்டு, அந்த வீட்டுக்கு நடப்பார்கள். கம்பெனிக்கு இது தெரியாது. கம்பெனியிடம் பெல்ட் அறுந்துவிட்டது என்று சொல்வார்கள். அப்பாவே எத்தனையோ பேருக்காக நிறுத்தியிருக்கிறார், எத்தனையோ பெல்ட்டை அறுத்திருக்கிறார். இதெல்லாம் அவனுக்குத் தெரியாததா? பிறந்து வளர்ந்த ஊர். தெரிந்த விஷயம் வேண்டிய நேரத்தில் ஒளிந்துகொள்வது உலகத்தில் புதிதும் இல்லை.

தெருவில் செருப்புச் சத்தம் கேட்டது. முதலில் வந்தது எதிர்வீட்டுத் தையல்காரி. அப்பாவை வாய் நிறைய அண்ணன் என்று கூப்பிடுகிறவள். கழுத்தில் அளவு நாடா தொங்க, வாசலிலேயே குரலெடுத்தாள்.

“அண்ணே! இப்படிச் சொல்லாமக் கொள்ளாமப் போயிட்டியே அண்ணே!”

அம்மா எழுந்தாள். அத்தனை வயசான உடம்பு அவ்வளவு வேகமாக எழுந்து அவன் பார்த்ததில்லை. மகனை ஒரு பார்வை பார்த்தாள். அடித்திருந்தால்கூடத் தேவலை.

“நீ பண்ணின காரியம், நீயே பதில் சொல்லு” என்று அடிக்குரலில் சொல்லிவிட்டு வாசலுக்கு ஓடினாள். அக்காவும் பின்னால் ஓடினாள். “இருக்காருடி, இருக்காரு, வாயை மூடு” என்று அம்மா வெளியில் கத்துவது கேட்டது.

அறையில் அப்பாவும் அவனும் மட்டும் இருந்தார்கள்.

“யாருன்னு கேட்டேனே.”

“யாருமில்லப்பா.” போர்வையின் ஓரத்தை இழுத்துவிட்டான். “பெல்ட் அறுந்துடுச்சு.”

வாயிலிருந்து விழுந்த பிறகுதான் எதைச் சொன்னோம் என்று அவனுக்குப் புரிந்தது. அப்பா உத்தரத்தை விட்டுக் கண்ணை நகர்த்தி, மெல்ல மெல்ல அவன் முகத்துக்குக் கொண்டுவந்தார். வெகு நேரம் பார்த்தார். அந்தப் பார்வையை எதிர்கொண்டு நின்றதுபோல் அவன் வாழ்க்கையில் எதன் முன்னாலும் நின்றதில்லை.

“பெல்ட்டா” என்றார்.

“ஆமாம்பா.”

உதட்டோரம் ஏதோ அசைந்தது. சிரிப்பா, வலியா, சொல்லத் தெரியவில்லை.

“யாரு போறா, மாட்ட?”

“நான் போறேன்.”

“நீயா?”

“நான்தாம்பா.”

அவர் கை போர்வைமேல் எதையோ தேடியது. அவன் தன் கையைக் கொண்டுபோய் அங்கே வைத்தான். பிடிக்கவில்லை அவர், இரண்டு விரலால் அவன் மணிக்கட்டைத் தட்டினார். சொல்வதைக் கவனி என்று வேலையாட்களிடம் அப்படித்தான் தட்டுவார்.

“பிரேக்கைப் போடு முதல்ல. மோட்டார் நின்னுடுச்சுன்னு நம்பாதே. தலை தூங்காது. பிரேக்கைப் போடாமக் கிட்ட போனா அடிச்சுடும்.”

“சரிப்பா.”

“சரி சரிங்காதே. போட்டுட்டு, ஒருக்கா இழுத்துப் பாத்துட்டு...” மூச்சு தடுக்கியது. காத்திருந்து பிடித்தார். “அப்புறம் கை வெய்யி.”

“போட்டுட்டுத்தான் கை வெப்பேன்.”

“ம். போ.”

போனில் வருஷம் முழுக்கப் பேசியதைக் கூட்டினாலும் இவ்வளவு வராது. அவன் பின்கதவு வழியாக ஓடினான். கண்ணில் தண்ணீர் நிறைந்து வேலிக் கதவு எங்கே இருக்கிறது என்று தெரியவில்லை.

அதற்குள் வால்வு மோட்டார்சைக்கிளில் வந்து, வண்டியை ஸ்டாண்டுகூடப் போடாமல் சாய்த்துவிட்டு, துண்டை வாயில் பொத்திக்கொண்டு அழுதுகொண்டிருந்தார். விஷயம் தெரிந்ததும் துண்டை உதறித் தோளில் போட்டார்.

“அறிவு இருக்கா தம்பி உனக்கு? பொட்டல்லேருந்து அழுதுகிட்டே ஓட்டிட்டு வந்தேன்டா! பள்ளத்துல விழுந்திருந்தா எனக்கும் சேர்த்து நிறுத்தியிருக்கணும்! உங்கப்பன் காதுல விழுந்துதா?”

“விழுந்துது, சித்தப்பா.”

வால்வு வாயை மூடிக்கொண்டார். அன்றைக்கு அது ஒரு அதிசயம்.

சுவிட்சைத் தட்டினான். தலையாட்டி முனகியது, ஏறியது, இடித்தது. வாசலில் கூடியிருந்தவர்கள் ஆளுக்கொன்று சொன்னார்கள். டீக்கடைக்காரர் கடையை இழுத்து மூடிவிட்டு வந்திருந்தார். “ஊர்ல இருந்தாத்தானே ஊர் வழக்கம் தெரியும்” என்றார். தையல்காரி அழுத கண்ணோடு சிரித்தாள். “அண்ணன் இருக்கும்போதே ஒரு தடவ அழுதாச்சு. இனிமே நூறு வயசு” என்றாள். ஒருவர் பின் ஒருவராகக் கலைந்தார்கள்.

திரும்பி வந்தபோது அப்பா கண் மூடியிருந்தார். இடி விழும்போது புருவம் சுருங்கியது. அது வலி இல்லை என்று இப்போது அவனுக்குத் தெரிந்தது. ஒவ்வொன்றாக அவர் கேட்டுக்கொண்டிருந்தார், நாலு பேர் சேர்ந்து தூக்கும்போது ஒருவன் குரல் கொடுப்பான் அல்லவா, அந்த மாதிரி உள்ளுக்குள் கூடவே தம் பிடித்துக்கொண்டிருந்தார். காலையிலிருந்து பக்கத்திலேயே இருந்த அம்மாவுக்கு இதைத் தனியாகப் பார்க்க வேண்டியிருக்கவில்லை. அவன் கட்டிலின் தலைமாட்டில் போய் நின்றான்.

வெயில் ஜன்னலை விட்டு இறங்கிய நேரத்தில் அப்பா ஒரு மூச்சு விட்டார். அடுத்ததற்காக எல்லோரும் காத்திருந்தார்கள். தலையாட்டி ஏறி இறங்கியது. மறுபடியும் ஏறி இறங்கியது. புருவம் அசையவில்லை. அக்கா அவர் பாதத்தில் நெற்றியை வைத்துக்கொண்டாள்.

அம்மா பஞ்சைக் கிண்ணத்தில் போட்டாள். கிண்ணத்தைக் கட்டிலுக்கடியில் நகர்த்தினாள்.

“போய் நிறுத்துடா” என்றாள்.

போனான். சுவிட்சைத் தட்டினான். நெம்புகோலைப் பிடித்துப் பிரேக்கைப் போட்டான். சரியாகப் பிடித்திருக்கிறதா என்று ஒருமுறை இழுத்துப் பார்த்தான். தலை பாதி உயரத்தில் நின்றது. இரும்பில் பகல் சூடு இன்னும் இருந்தது. அதன்மேல் கையை வைத்துக்கொண்டு வேலிக்குள்ளேயே நின்றான்.

யாரும் வரவில்லை.

ஒரு வீட்டில் ஏதோ தாளிக்கிற சத்தம். இன்னொரு வீட்டில் பாத்திரம் விழுந்தது. மாடியில் துணி எடுத்துக்கொண்டிருந்த ஒருத்தி எட்டிப் பார்த்து, “என்ன, மறுபடியும் கைய வெச்சுட்டியா?” என்று சிரித்துவிட்டு உள்ளே போனாள். டீக்கடையில் பேச்சு நிற்கவில்லை. ஊர் முழுக்கக் காதால் தெரிந்துகொள்கிற ஒரு செய்தியை அவன் மத்தியானமே செலவழித்துவிட்டிருந்தான். எத்தனையோ பேருக்காகப் பெல்ட்டை அறுத்த மனுஷனுக்கு ஒரு கதவு திறக்கவில்லை. இன்னும் கொஞ்சம் நின்றால் யாராவது வருவார்கள் என்று நின்று பார்த்தான். பிறகு தெருவைச் சுற்றிக்கொண்டு நடந்தான். ஒவ்வொரு வீடாகச் சொல்ல வேண்டும். முதல் வீடு தையல்காரியுடையது.

விளக்கைப் போட்டுக்கொண்டு அவள் ஒரு பாவாடைக்கு ஓரம் அடித்துக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை.

“வந்துட்டியா? ஏன்டா, எத்தனை தரம்தான் இந்த வயசுல என்னை ஓட வைப்பே? போ, போய் ஓட விடு அதை. அண்ணனுக்கு அது இல்லாமத் தூக்கம் வராது.”

“அத்தை” என்றான்.

தையல் கடைசி வரை ஓடி முடிந்தது. அவள் நூலைக் கடித்தாள். கண்ணாடியை மூக்கில் இறக்கிவிட்டு அவன் முகத்தைப் பார்த்தாள்.

பக்கத்து முக்காலியில் குவிந்திருந்த வெட்டுத் துணிகளை ஒரே கையால் தள்ளிவிட்டாள்.

“உட்காரு” என்றாள். எழுந்து பின்சுவர்ப் பக்கம் போய் அடுத்த வீட்டுக்காரியைக் கூப்பிட்டாள். அவள் அதற்கடுத்த வீட்டைக் கூப்பிடுவது கேட்டது. குரல் வீடு வீடாகத் தள்ளிப் போய்க்கொண்டிருந்தது.

அவன் முக்காலியில் உட்கார்ந்தான். கையிரண்டையும் மடியில் வைத்துக்கொண்டான்.