கொக்கு ஆடியவரின் கை

புது அப்டேட் இறங்கிய காலையில் பெயின்டரின் இரண்டு கைகளும் நாலு விரற்கடை குட்டையாகியிருந்தன. சட்டைக் கையை வெட்டித் தைத்த டெய்லர் ஒன்றும் கேட்கவில்லை. போன அப்டேட்டில் பேக்கரிக்காரருக்கு முதுகு அகன்றபோதும் அவர்தான் பிரித்துத் தைத்தார். மாடி கேம் சென்டரில் சண்டை விளையாட்டு ஆடுகிறவர்களுக்கு இது பழகிய சங்கதி: கம்பெனி எந்த வீரனுக்கு எதைக் கூட்டிக் குறைக்கிறதோ, அவனை வைத்து ஆடுகிறவருக்கும் அதுவே. அதனால் அப்டேட் வந்தால் பாதிப் பேர் வெட்கமே இல்லாமல் பலசாலி வீரனுக்குத் தாவிவிடுவார்கள். பெயின்டர் மட்டும் கொக்கு என்ற நீளக்கை வீரனைத் தவிர வேறெவனையும் தொட்டதில்லை. ஏணி இல்லாமல் கூரைக்கு வெள்ளையடித்தவருக்கு வேறென்ன வேண்டும்?

கண் உறுத்தியது மைத்துனனுக்குத்தான். டைல்ஸ் ஒட்டுகிறவன், ஆமை என்ற வீரனை வைத்து ஆடி, அக்கா புருஷனிடம் வாராவாரம் உதை வாங்கினான். கொக்கின் கை அநியாய நீளம் என்று கம்பெனிக்குப் புகார் எழுதி, சென்டரில் அத்தனை பேரையும் எழுத வைத்ததும் அவனே. கொஞ்சம் குறைந்தால் போதும் என்றுதான் நினைத்தான், பாவம். கம்பெனிக்கோ ஆரம்பித்தால் நிறுத்தத் தெரியாது. அடுத்த அப்டேட்டில் நடை தளர்ந்தது, அதற்கடுத்ததில் எடை போனது. வருஷம் திரும்புவதற்குள், காற்றடித்தால் பெயின்டரின் சட்டையை யாராவது பிடித்துக்கொள்ள வேண்டியிருந்தது. அப்புறம் அறிவிப்பு வந்தது: இனிமேல் விளையாட்டில் கொக்கு இருக்காது.

அக்கா தம்பியைச் சமையலறைக்குள் இழுத்து, "நீ எழுதித்தானே குறைச்சாங்க? கூட்டச் சொல்லியும் நீயே எழுதுடா" என்றாள். எழுதினான். கருத்துக்கு நன்றி என்று பதில் வந்தது. வேறு வீரனுக்கு மாறிவிடச் சொல்லி மாமாவின் காலில் விழாத குறையாகக் கெஞ்சினான்.

"இத்தனை வருஷம் இவனை வச்சுத்தானே உங்களையெல்லாம் அடிச்சேன். இப்ப அவன் அடி வாங்குறப்ப கழட்டி விடவா, மாப்ளே?" என்றார் பெயின்டர். "போய் ஆமையை எடு. ஒரு ஆட்டம் போடலாம்."

அந்த ஆட்டத்தில்தான் மைத்துனன் அவரை முதல்முறையாக ஜெயித்தான். கொக்கை எடுத்த அப்டேட் இறங்கிய காலையில் பெயின்டரின் தலையணையில் பள்ளம் மட்டும் இருந்தது. அக்கா அதைத் தட்டிச் சரிசெய்யவில்லை. தெருவில் வெள்ளையடிக்க வேறு ஆள் வந்தான், ஏணியோடு.

அதன்பின் ஆமையை அடிக்க ஆளில்லை. ஒரு சாயங்காலம், வரிசையாக எல்லோரையும் தோற்கடித்துவிட்டு மைத்துனன் நிமிர்ந்தபோது, சென்டரில் எல்லோரும் குனிந்து செல்போனில் எதையோ எழுதிக்கொண்டிருந்தார்கள். என்ன எழுதுகிறார்கள் என்று அவன் கேட்கவில்லை. அடுத்த அப்டேட் வந்த காலையில் அவன் காலுக்குச் செருப்பு லொடலொடவென்றிருந்தது. வாருக்கடியில் கொஞ்சம் காகிதத்தைத் திணித்துக்கொண்டு வேலைக்குப் போனான். சாயங்காலம் சென்டருக்கு வந்து, ஆமையைத்தான் எடுத்தான்.