மாமியார் பெயரில் ஒரு பிசின் மரம்

மாமியார் பெயரை ஒரு மரத்துக்கு வைத்த மருமகள் உலகத்தில் எத்தனை பேர் இருப்பார்களோ தெரியாது. இந்த மருமகள் வைத்தாள். அதுவும் பட்டையைக் கீறினால் பிசினைக் கசியவிட்டு, தொட்டவர் கையை லேசில் விடாத மரம். கேள்விப்பட்டவர்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். மாமியாருக்கு மட்டும் அதில் கேலி எதுவும் தெரியவில்லை, சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை.

மருமகளுக்கு உலர்தாவரக் கூடத்தில் வேலை. செடிகொடிகளைத் தாள்களுக்கு நடுவே அழுத்திக் காயவைத்து, தடித்த அட்டையில் ஒட்டி, இன்ன பேரினம், இன்ன இனம் என்று சீட்டு எழுதி இரும்பு அலமாரியில் அடுக்கி வைக்கிற இடம் அது. பிசின் தரும் மரங்களெல்லாம் அவள் பொறுப்பு. மாமியாருக்குப் புத்தக பைண்டிங் கடை. தெருவில் பைண்டரம்மா என்று கேட்டால்தான் வழி சொல்வார்கள். கல்யாணமாகி நான்கு வருடமாக இரண்டு பேரும் ஒரே சமையலறையில் மகா மரியாதையாக நடந்துகொண்டார்கள். "சாப்பிட்டியா?" "சாப்பிட்டேன் அத்தை." அதோடு சரி. சண்டை போட்டாலாவது நாலு வார்த்தை கூடப் பேசலாமே என்று மருமகள் ஏங்குவாள்.

ஒரு கோடையில் பாறைக் குன்று ஒன்றின் மேல் அவள் அந்த மரத்தைப் பார்த்தாள். மருந்துக்கு ஓர் இலை கிடையாது. மொட்டைக் கிளைகளில் மஞ்சள் பூ மட்டும் கொத்துக் கொத்தாக இருந்தது, பட்டையில் பிசின் உருண்டு திரண்டிருந்தது. பூவை அறுத்துப் பார்த்தாள், மகரந்தத் தாள்களை எண்ணினாள், இருக்கிற புத்தகங்களையெல்லாம் புரட்டினாள். எதிலும் இல்லாத பூ. பிசினில் ஒரு கட்டியைக் கைப்பையில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்தாள். மாமியார் அதை மோந்து பார்த்தார், தண்ணீரில் ஊறப்போட்டார், மறுநாள் அதைத் தடவி ஓர் அகராதியின் முதுகை ஒட்டினார். காய்ந்ததும் இரண்டு கையாலும் இழுத்துப் பார்த்துவிட்டு, "நல்ல சரக்குதான் கொண்டாந்திருக்க" என்றார். மாமியார் வாயிலிருந்து அவளுக்குக் கிடைத்த முதல் பாராட்டு அது. அன்று முழுக்க அவளுக்குக் கால் தரையில் பாவவில்லை.

புது இனம் என்று ஆய்விதழில் எழுதினாள். மாமியார் பெயரோடு லத்தீன் விகுதி ஒன்றைச் சேர்த்து அதற்குச் சூட்டினாள். அச்சில் வந்த நாளிலிருந்து வீடே மாறிப்போனது. கடைக்கு வருகிறவர்களிடமெல்லாம் பைண்டரம்மா செல்போனில் அந்தப் பூவும் பெயர்ச்சீட்டும் ஒட்டிய கூடத்து அட்டையின் படத்தைக் காட்டினார். வேலை முடிந்த பிறகும் யாரும் எளிதில் கிளம்பிவிட முடியாது. சாயங்காலம் சமையலறையில் "இன்னிக்கு என்ன செடி பாத்த?" என்று கேட்பார். இவள் சொல்வாள், அவர் கடைக்கதை சொல்வார். இருவரும் கூட்டுச் சேர்ந்து மகனைக் கேலி செய்கிற அளவுக்கு முன்னேறிவிட்டார்கள். மகனுக்கு இதில் கொஞ்சம் வருத்தம்தான்.

மழைக்காலம் வந்தது. விதை பொறுக்குவதற்காக மருமகள் மறுபடி அந்தக் குன்றில் ஏறினாள். அதே மரம், அவள் கட்டிவிட்டு வந்த தகர வில்லை கிளையில் ஆடிக்கொண்டிருந்தது. இப்போது மரம் முழுக்க இலை. ஒவ்வொன்றும் விரித்த கை மாதிரி ஐந்து மடலாக, அடியில் சாம்பல் நிற ரோமத்தோடு இருந்தது. ஒன்றைக் கிள்ளித் திருப்பிப் பார்த்தாள். அந்த இலை அவளுக்கு நன்றாகத் தெரிந்த இலை. அவள் அலமாரியிலேயே இருக்கிறது. நூறு வருடங்களுக்கு முன் ஒருவர் அதைச் சேகரித்து, வேறொரு பெயர் வைத்துவிட்டுப் போயிருந்தார். அவர் மழையில் போனதால் இலை கிடைத்தது, பூ கிடைக்கவில்லை. இவள் வெயிலில் போனதால் பூ கிடைத்தது, இலை கிடைக்கவில்லை. ஒரே மரத்துக்கு இரண்டு பெயர். சில மாதம் பொறுத்திருந்தால் தெரிந்திருக்கும். அவசரக்குடுக்கை என்று தன்னையே திட்டிக்கொண்டு இறங்கினாள்.

இந்த மாதிரி சிக்கலுக்குத் தாவரவியலில் விதி உண்டு. முந்தி வைத்த பெயர் நிற்கும், பிந்தி வைத்தது அதற்குக் கீழே இறங்கிவிடும். விதியை நினைத்து அவள் கவலைப்படவில்லை. மறுபடி "சாப்பிட்டியா", "சாப்பிட்டேன்" என்று ஆகிவிடுமோ என்பதுதான் அவள் பயம்.

"வேற யாருக்குத் தெரியும்?" என்று கேட்டான் கணவன்.

"யாருக்கும் தெரியாது. ஆனா எனக்குத் தெரியுமே."

"அப்ப சொல்லித்தான் ஆகணும். நான் ஊர்ல இல்லாத நாளாப் பாத்துச் சொல்லு." அவன் லாரி ஓட்டுகிறவன். ஊரில் இல்லாத நாட்களுக்குப் பஞ்சமில்லை.

ஆனாலும் வார்த்தை வரவில்லை. ஒவ்வொரு நாளும் வாயைத் திறப்பாள், மென்று முழுங்கிவிடுவாள். திருத்தச் சீட்டை மட்டும் ஒழுங்காகத் தட்டச்சு செய்து கூடத்து மேசை இழுப்பறையில் வைத்திருந்தாள். அப்போதுதான் மாமியார் அவள் தலையில் குண்டைத் தூக்கிப் போட்டார். "சனிக்கிழமை உங்க கூடத்துக்குப் பெரியத்தையைக் கூட்டிட்டு வரேன். என் மரத்தை நேர்ல பாக்கணுமாம்."

பெரியத்தை மாமியாருக்கு நாத்தனார், மாமனாரின் அக்கா. கல்யாணமான நாள் முதல் மாமியார் என்ன செய்தாலும் "பரவாயில்லை" என்ற ஒரே சொல்லால் மட்டம் தட்டி வந்தவர். அவர் முன்னால் ஒரு தடவையாவது நிமிர்ந்து நிற்க வேண்டும் என்பது மாமியாரின் ரொம்ப நாள் ஆசை.

சனிக்கிழமை இருவரும் புதுப்புடவை சரசரக்க வந்து நின்றார்கள். மருமகள் இரும்பு அலமாரியைத் திறந்தாள். உறையைப் பிரித்து அட்டையை மேசையில் வைத்தாள். பெரியத்தை கண்ணாடியை மாட்டிக்கொண்டு குனிந்து பார்த்தார்.

"பரவாயில்லை" என்றார்.

அதைக் கேட்டும் வாடாமல் மாமியார் முகம் அப்படி மலர்ந்திருந்தது. அதைப் பார்த்துக்கொண்டு பொய்யாக நிற்க மருமகளால் முடியவில்லை. பழைய இலை அட்டையை எடுத்துப் பக்கத்தில் வைத்தாள்.

"அத்தை, நான் தப்புப் பண்ணிட்டேன். இது புது மரம் இல்ல. இந்த இலையும் அந்தப் பூவும் ஒரே மரம்தான். இதுக்கு ஏற்கெனவே பேரு இருக்கு." மூச்சு விடாமல் எல்லாவற்றையும் கொட்டித் தீர்த்தாள்.

"அப்ப உன் பேரு போச்சா?" என்று பெரியத்தை கேட்டார். குரலில் இருந்த குஷியை அவர் மறைக்கக்கூட முயலவில்லை.

மாமியார் மேசையருகே வந்து குனிந்தார். பூவைப் பார்த்தார், இலையைப் பார்த்தார். "யாராச்சும் கண்டுபுடிச்சுச் சொன்னாங்களா?"

"இல்ல அத்தை. நானேதான் பாத்தேன்."

"தப்புன்னு யாரு எழுதப் போறா?"

"நான்தான்."

"எப்பலேர்ந்து மனசுல வச்சிருக்க?"

"மழையில அந்தக் குன்று ஏறினதுலேர்ந்து."

"அதான் சோறு எறங்கலையா உனக்கு. நான் ஏதோ விசேஷம்னு நெனச்சு அண்ணி கிட்ட வேற சொல்லி வச்சிருக்கேன்."

பெரியத்தை ஆமாம் என்று தலையாட்டினார். முதலில் சிரித்தது மாமியார்தான். மருமகளுக்கும் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது.

"சரி, என் பேரை அழிச்சிடுவீங்களா?"

"அழிக்க முடியாது அத்தை. அச்சுல வந்தது வந்ததுதான். முறையா எழுதறவங்க பழைய பேரை மேல போட்டு உங்க பேரைக் கீழ போடுவாங்க. இந்தப் பேரினத்துல வேற எந்த மரத்துக்கும் இனிமே அந்தப் பேரை வைக்கவும் கூடாது."

"வேற யாரோட மாமியாருக்கும் போகாதா?"

"போகாது."

மாமியார் அதைக் கொஞ்சம் அசைபோட்டார். முகம் தெளிந்தது. பெரியத்தை தொண்டையைச் செருமிக்கொண்டார். "ஏம்மா, பேரே வைக்காத மரம் ஏதாச்சும் பாக்கி இருக்கா?"

"இருந்தா சொல்றேன் பெரியத்தை. ஆனா பூவு, இலை ரெண்டையும் பாத்துட்டுத்தான் சொல்வேன்."

கூடத்து வழக்கப்படி பழைய சீட்டைக் கிழிக்கக்கூடாது, திருத்தச் சீட்டை அதன் அருகில் ஒட்ட வேண்டும். மருமகள் பசைப் புட்டியைத் திறந்தாள். அவசரத்தில் தூரிகையை முக்கி எடுத்து அப்பிவிட்டாள். பைண்டரம்மாவுக்கு அதைப் பார்க்கப் பொறுக்கவில்லை.

"தள்ளு. இவ்ளோ பசை போட்டா தாள் சுருங்கிடும்."

தூரிகையை வாங்கி, அதிகப் பசையை வழித்துவிட்டு, ஓரம் பிசகாமல் சீட்டைப் பொருத்தினார். நடுவிலிருந்து வெளியே நீவிவிட்டுக்கொண்டே எழுத்துக் கூட்டிப் படித்தார். மேலே பழைய பெயர். கீழே தன் பெயர். அதோடு நிறுத்தாமல் இன்றைக்குத்தான் தாண்டிப் படித்தார்.

"என் பேருக்குப் பின்னாடி இது என்ன?"

"அது என் பேரு அத்தை. வச்சவங்க பேரையும் சேத்துப் போடணும். எங்க எழுதினாலும்."

"மொதல்லேர்ந்தே இருந்துச்சா?"

"இருந்துச்சு."

இத்தனை நாளாகத் தெருவுக்கே படம் காட்டியவர் தன் பெயருக்கு அப்பால் ஒரு எழுத்தும் படித்திருக்கவில்லை. அவருக்குக் கண் கலங்கியது. மூக்கை உறிஞ்சிக்கொண்டு சீட்டின் மேல் விரலை அழுத்திப் பிடித்தார்.

"என்ன இருந்தாலும் கீழதானே போயிட்ட" என்றார் பெரியத்தை, விடாமல்.

"போனா என்ன அண்ணி," என்றார் மாமியார், விரலை எடுக்காமல். "தனியாவா போறேன்?"